பார்வைப் பாடு

கோரைத்திட்டு முகத்துவாரம் யாராவது ஒருவர் பார்த்துக்கொண்டிருக்கும் வரைதான் திறந்திருக்கும் என்பது ஊருக்குத் தெரியவந்த பங்குனி மாதத்தில் தேசிங்குக்கு நாற்பத்திரண்டு வயது முடிந்திருந்தது, கல்யாணம் ஆகவில்லை, ஆகையால் ஊரில் அவனுக்கென்று ஒரு பாடும் இல்லை.

பாடு என்றால் முறை. ஏரியில் மீன் தங்கும் இடங்கள் கொஞ்சம், வலை வைத்திருக்கும் வீடுகள் நிறைய. அதனால் எந்த நாளில் எந்த வீடு எந்த இடத்தில் வலை கட்டலாம் என்பதை அந்த ஊர் ஒரு குடத்துக்குள் கையை விட்டுத்தான் தீர்மானிக்கும். ஒரு வீட்டுக்குச் சோழி, ஒரு வீட்டுக்குப் புளியங்கொட்டை, ஒரு வீட்டுக்கு முடிச்சுப் போட்ட நூல் என்று வீட்டுக்கொரு அடையாளம் குடத்தில் விழும். ஊர்ப் பெரியதனக்காரர் பொன்னுரங்கம் கண்ணைத் துண்டால் கட்டிக்கொண்டு ஒவ்வொன்றாக எடுப்பார். எடுத்த வரிசைதான் சட்டம். தன் முறை முடிந்தவன் அந்த இடத்தில் ஒரு நொடிகூட நிற்க மாட்டான். அடுத்தவன் முறையில் கால் வைப்பது அடுத்தவன் வீட்டு அடுப்படியில் கால் வைப்பதற்குச் சமம். கல்யாணம் ஆகித் தனிக் குடும்பம் ஆனவனுக்குத்தான் ஊர்க் கணக்கில் தலைக்கட்டு, தலைக்கட்டு உள்ளவனுக்குத்தான் அடையாளம். தேசிங்குக்கு இரண்டும் வாய்க்கவில்லை, ஏனென்றால் அவனுக்கு மாறுகண்.

வலக்கண் நேரே பார்த்தால் இடக்கண் தன் போக்கில் ஒரு தெரு தள்ளிப் பார்க்கும். ஊர் அவனுக்கு வைத்த பெயர் ‘ரெண்டு தெரு’. பெண் பார்க்கப் போன இடத்தில் அவன் பெண்ணைத்தான் பார்த்தான், ஆனால் பெண்ணின் அக்காள் தன்னைப் பார்த்தான் என்று அழுதுகொண்டே சமையற்கட்டுக்குள் ஓடினாள். அடுத்துப் போன இடத்தில் பெண்ணின் அப்பா, “மாப்பிள்ளை சுவர்க் கடியாரத்தையே பாத்துக்கினு இருந்தாரு, இன்னா அவசரமோ” என்று சொல்லி அனுப்பிவிட்டார். அவன் கூலிக்குப் போகும் படகில், “அதோ மீன் கூட்டம்” என்று அவன் கத்தினால் பாதிப் பேர் வடக்கே வலையைத் தூக்குவார்கள், பாதிப் பேர் தெற்கே தூக்குவார்கள். அவன் யாரிடம் பேசினாலும் அவர்கள் தங்கள் தோளுக்குப் பின்னால் யார் நிற்கிறார்கள் என்று திரும்பிப் பார்த்துவிட்டுத்தான் பதில் சொல்வார்கள். நாளாக ஆக, அவன் முகத்தைப் பார்ப்பதையே ஊர் விட்டுவிட்டது.

பார்த்துப் பேசியது அம்சவேணி ஒருத்திதான். அவள் கரையில் நண்டு கட்டுகிறவள். களி நண்டின் கொடுக்கை மடக்கி நூலால் இறுக்கிக் கூடையில் அடுக்கி, மேலே ஈரச் சாக்கைப் போட்டு வண்டிக்குக் கொடுப்பாள். புருஷன் வடக்கே ஒரு இறால் பண்ணைக்கு வேலைக்குப் போய் அங்கேயே இன்னொரு குடும்பம் வைத்துக்கொண்டதில், பஞ்சாயத்துப் பேசி அந்த உறவை அறுத்தாகிவிட்டது. நண்டு கட்டும்போது கண் அசந்தால் விரல் போய்விடும் என்பதால் எதையும் உள்ளபடி பார்ப்பது அவளுக்குப் பழகியிருந்தது. அவள் தேசிங்கைப் பார்க்கும்போது எந்தக் கண்ணைப் பார்ப்பது என்று தடுமாற மாட்டாள். “யோவ் ரெண்டு தெரு, அந்த நூலை எடு” என்பாள். அவள் வாயில் அது கேலியாக இருக்காது, வெறும் பெயராக இருக்கும்.

வருஷா வருஷம் கோடை தொடங்கும்போது கடலுக்கும் ஏரிக்கும் நடுவே உள்ள வழியை மணல் மூடிவிடும். படுக்கப் போகும்போது திறந்திருக்கிற வழி விடிந்து பார்த்தால் ஒரு முழம் சுருங்கியிருக்கும். பிறகு படகின் வயிறு தரையில் தட்டும், ஏரித் தண்ணீர் புளித்த கஞ்சி மாதிரி நுரைக்கும், மடவை மீன்கள் வாயைப் பிளந்துகொண்டு ஒதுங்கும். கடல் ராத்திரியில்தான் வேலை செய்யும் என்று ஊர் நம்பியிருந்தது. அந்த வருஷம் மிருணாளினி என்ற விஞ்ஞானி அம்மாள் ஒரு முக்காலிக் கருவியோடும் ஒரு பெட்டி ரொட்டியோடும் வந்து கடற்கரை மணல்மேட்டில் உட்கார்ந்தார். நகரத்து ஆராய்ச்சிக்கூடம் ஒன்றில் அவர் ஒரு கோட்பாட்டைச் சொல்லி, கேட்டவர்கள் மரியாதையாகச் சிரித்துவிட்டதால், மணலிடமே கேட்டுவிடலாம் என்று கிளம்பி வந்தவர். அவர் கண்ணாடி தேங்காய்ச் சில் கனத்துக்கு இருந்ததால் ஊர் அவரைக் கண்ணாடியம்மா என்று கூப்பிட்டது. இரண்டு பகலும் இரண்டு இரவும் அவர் ஒரு கண் மாற்றி ஒரு கண்ணாக இமைத்து, பார்வையை எடுக்கவில்லை, வழியும் ஒரு விரற்கடை சுருங்கவில்லை. மூன்றாம் நாள் காலையில் அவர் தும்மினார். தும்மலில் கண் மூடித் திறப்பதற்குள் கரை ஒரு சாண் உள்ளே வந்திருந்தது. அவர் எழுந்து நின்று, மூக்கைக்கூடத் துடைக்காமல், கைதட்டிக் குதித்தார்.

“மணலுக்குத் தான் எங்கே இருக்கணும்னு தெரியாதுங்க,” என்று அன்றைக்கு ஏலக் கொட்டகையில் அவர் மூச்சு வாங்கச் சொன்னார். “யாரும் பார்க்காதப்போ அது எல்லா இடத்திலும் கொஞ்சம் கொஞ்சம் இருக்கும். ஒருத்தர் பார்த்தாத்தான் ஓரிடத்தில் உட்காரும். பார்க்கிறவங்க எப்படியோ, அப்படி உட்காரும். இதான் என்னோட கோட்பாடு.”

ஆராய்ச்சிக்கூடத்தில் சிரித்த மாதிரி ஊரில் ஒருத்தரும் சிரிக்கவில்லை.

“அது நண்டுக்கும் உண்டும்மா,” என்றாள் அம்சவேணி. “கூடையைப் பாத்துக்கினே இருந்தா கூடையில கீது. இப்படித் திரும்பிட்டா எங்க கீதுன்னு நண்டுக்கே தெரியாது.”

பொன்னுரங்கம் தாடையைச் சொறிந்துகொண்டு, ஊரில் எல்லார் மனசிலும் ஓடிய ஒரே கேள்வியைக் கேட்டார்: “அதெல்லாம் செரி. பாக்கறது யார் பாடு?”

இப்படித்தான் பார்வைப் பாடு பிறந்தது. அடுத்த அமாவாசைக்குள் மணல்மேட்டில் ஒரு கீற்றுக் கொட்டகை போட்டார்கள், பெஞ்சு போட்டார்கள், ராத்திரிக்கு ஒரு பெரிய விளக்கு வாங்கினார்கள். ஒருவர் இமைக்கும்போது இன்னொருவர் பார்ப்பதற்காகத் தலைக்கட்டுக்கு இரண்டு பேர், புருஷனும் பெண்டாட்டியும், பெஞ்சில் உட்கார வேண்டும் என்று தீர்மானமானது. பார்க்கிறவர்கள் எப்படியோ வழியும் அப்படி என்பது நான்கே நாளில் எல்லாருக்கும் விளங்கிவிட்டது. கஞ்சன் என்று பெயரெடுத்த வலைக்காரன் பார்த்த அன்று ஒரு படகு போகத்தான் வழி இருந்தது, அதுவும் பக்கவாட்டில் தேய்த்துக்கொண்டு. புதுசாய்க் கல்யாணமான ஜோடி பார்த்த அன்று வழி திருவிழாத் தெரு மாதிரி அகன்றது, ஆனால் அவர்கள் அடிக்கடி ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டதால் வெட்டி வெட்டி இழுத்தது. சண்டை போட்டுக்கொண்டு வந்த புருஷன் பெண்டாட்டி பார்த்த அன்று நடுவில் ஒரு திட்டு எழும்பி, சாயந்தரம் அவள் அவனுக்குச் சோற்றை எடுத்து வைத்ததும் கரைந்தது. கண்ணில் புரை விழுந்தவர் முறையில் முகத்துவாரத்தின் மேல் மட்டும் பனி இறங்கியது. பிள்ளைகள் பார்க்கக் கூடாது என்று விதி வந்தது, ஏனென்றால் பள்ளிக்கூடம் விட்டு வந்தவர்கள் ஒருநாள் எட்டிப் பார்த்ததில் வழியின் நடுவே யானை ஒன்று குளித்துக்கொண்டிருந்தது, அதைச் சுற்றிக்கொண்டு படகு வருவதற்குள் மீனெல்லாம் வெயிலில் கெட்டுவிட்டது. நகரத்திலிருந்து ஒரு அதிகாரி வரைபடத்தோடு வந்து நின்று பார்த்தபோது வழி அளவுகோல் வைத்துக் கோடு கிழித்த மாதிரி நேரானது, அவர் திருப்தியோடு ஜீப்பில் ஏறியதும் உடம்பை நெளித்துக்கொண்டு பழையபடி ஆனது. மாப்பிள்ளை பார்க்க வருகிறவர்கள், “பையன் என்ன சம்பாதிக்கிறான்” என்று கேட்பதை விட்டுவிட்டு, “பையன் வீட்டு முறையில் வழி எவ்வளவு அகலம்” என்று கேட்டார்கள். அந்த வருஷம் ஏரி நுரைக்கவில்லை. இறால் வந்தது, நண்டு வந்தது, எப்போதோ போன சங்கரா மீன்கூட உள்ளே வந்து எட்டிப் பார்த்துவிட்டுப் போனது, ஊரே புது வேட்டி கட்டிக்கொண்ட மாதிரி விறைப்பாக நடந்தது.

தேசிங்கைப் பற்றி மட்டும் தனியாக ஒரு கூட்டம் நடந்தது.

“இவன் தலைக்கட்டு இல்ல, பாடு கேக்க மாட்டான், அது செரி,” என்றார் பொன்னுரங்கம். “ஆனா கண்ணு கீதே. போற போக்குல அந்தப் பக்கம் பாத்துத் தொலைச்சான்னா? வழி கோணிக்கினு போயிடும்பா.”

தேசிங்கு ஏதோ சொல்ல வாயெடுத்தான். பொன்னுரங்கம் தன் தோளுக்குப் பின்னால் திரும்பிப் பார்த்தார்.

“பெரியதனம், ஒங்களத்தான் பாத்துச் சொல்றேன்,” என்றான் தேசிங்கு. “எனக்கும் ஒரு அடையாளம் போடுங்க. ஒரே ஒரு பாடு. கோணிச்சுன்னா அப்புறம் நிறுத்திடுங்க.”

கூட்டம் சிரித்தது. யாரோ, “யானை வந்தாலே தாங்கல, இவன் பாத்தா இன்னா வருமோ” என்றார்கள். அன்றிலிருந்து தேசிங்கு கிழக்கே பார்க்கக் கூடாது என்று முடிவானது. அவன் சொன்னபடி கேட்கிறவன். மேற்கே பார்த்து வலை தைத்தான், நண்டு மாதிரி பக்கவாட்டில் நடந்தான், படகு முகத்துவாரத்தைத் தாண்டும்போது தலையில் துண்டைப் போட்டு மூடிக்கொண்டு கூடைக்குள் கோழி மாதிரி உட்கார்ந்திருந்தான். துண்டுக்குள் இருட்டில் அவன் நினைத்தது எல்லாம் ஒன்றுதான். குடத்துக்குள் தன் அடையாளம் விழும் சத்தத்தை ஒரு தடவை கேட்க வேண்டும், “தேசிங்கு பாடு” என்று ஒரு குரல் ஊர் முன்னால் சொல்ல வேண்டும்.

“இன்னாத்துக்குய்யா அது?” என்று அம்சவேணி ஒருநாள் கேட்டாள்.

“கணக்குல சேக்கணும் அம்சா. நானும் ஒரு ஆளுன்னு.”

“எங்கிட்ட கேட்டா நீ ஒரு ஆளுன்னு நானே சொல்வேனே. இதுக்கு ஒரு குடம் வேணுமா?” என்று அவள் நூலைப் பல்லால் கடித்து அறுத்தாள்.

முதல் சுற்று முடிந்து மறு சுற்றுக்குக் குடம் எடுக்கும் நாள் ஆடி அமாவாசையில் வந்தது. சூரியன் உச்சிக்கு வரும்போது எல்லையம்மன் கோயிலில் குடத்தை வைப்பது வழக்கம். குடத்தை வைத்த கணமே பழைய முறைகள் எல்லாம் முடிந்தன. புது அடையாளம் எடுக்கும்வரை யாருக்கும் முறை இல்லை. அதனால் கொட்டகையில் கடைசியாக உட்கார்ந்திருந்த புருஷனும் பெண்டாட்டியும், கோயில் மணி கேட்டதும், அடுத்தவர் முறையில் ஒரு இமைப்பொழுதுகூடத் திருடிவிடக் கூடாது என்ற பயத்தில், வேட்டியை உதறி எழுந்து, முகத்துவாரத்துக்கு முதுகைக் காட்டிக்கொண்டு கோயிலுக்கு விரைந்தார்கள். ஊரே அங்கே குடத்தைப் பார்த்துக்கொண்டு நின்றது. யார் பார்ப்பது என்று முடிவு செய்கிற அந்த ஒரு நாழிகையில் பார்ப்பதற்கு ஒருவரும் இல்லை என்பது, அத்தனை சுத்தமாக முறை பார்க்கிற ஊரில், ஒருத்தருக்கும் தோன்றவில்லை. கண்ணாடியம்மாவும் குடத்துக்குள் என்ன நடக்கிறது என்று குனிந்து பார்த்துக்கொண்டிருந்தார். வெளியே கடலில், கரை கண்ணுக்குத் தெரியாத தூரத்தில், ஊர்ப் பிள்ளைகளின் ஏழு படகுகள் இருந்தன. தென்மேற்கில் மேகம் கறுத்துக்கொண்டு வந்தது.

கரையில் இருந்தது அடையாளம் இல்லாத இரண்டு பேர். அம்சவேணி நண்டு கட்டிக்கொண்டிருந்தாள், தேசிங்கு மேற்கே பார்த்து அவளுக்கு நூல் வெட்டிக் கொடுத்துக்கொண்டிருந்தான்.

“யோவ், தண்ணி நின்னுடுச்சு,” என்றாள் அவள்.

ஏரியில் எப்போதும் ஓடிக்கொண்டிருக்கும் இழுப்பு நின்று, தண்ணீர் தட்டில் ஊற்றிய பால் மாதிரி கிடந்தது. அவள் நிமிர்ந்த அந்த நொடியில் ஒரு பெரிய கடா நண்டு அவள் கட்டைவிரலைப் பிடித்துக்கொண்டது.

“ஐயோ! ஓடுய்யா! மேட்டுக்கு ஓடு! வழி மூடிக்கிட்டு வருது!”

“நான் பாக்கக் கூடாது அம்சா. ஊரு சொல்லியிருக்குது.”

“ஊரு சொல்லிச்சுன்னு ஏழு படகையும் புயல்ல வுடப் போறியா? முழுசா மூடிக்கிச்சுன்னா அப்புறம் எத்தினி கண்ணு பாத்தாலும் மூடின மணலைத்தான் பாக்கும். போய்யா! நண்டு என் விரலை வுட்டாத்தான் நான் எழுந்துக்க முடியும். உனக்கு எதுவும் பிடிக்கலையே, போ!”

அவன் ஓடினான். மாதக்கணக்கில் பக்கவாட்டிலேயே நடந்த கால்கள் நேராக ஓட மறந்ததில் இரண்டு தடவை விழுந்து, மணலைத் துப்பிக்கொண்டு எழுந்து, மேட்டின் மேல் ஏறிக் கிழக்கே பார்த்தான். ஒரு வேட்டி அகலத்துக்குத் தண்ணீர் மிச்சம் இருந்தது. அவன் இமைக்காமல் பார்த்தான், ஊரே சேர்ந்து அவனுக்கு மறுத்ததையெல்லாம் அந்த ஒரு பார்வையில் வைத்துப் பார்த்தான். வலக்கண் பார்த்த இடத்தில் மணல் இரண்டு பக்கமும் மரியாதையாக ஒதுங்கியது. இடக்கண் பார்த்த இடத்தில், தெற்கே ஒரு தெரு தள்ளி, சவுக்குத் தோப்புக்கு முன்னால் என்றைக்கும் மேடாக இருந்த மேடு, பழைய துணி கிழிகிற சத்தத்தோடு நடுவில் பிளந்துகொண்டது, அதற்குள் கடல் கும்மாளம் போட்டுக்கொண்டு நுழைந்தது.

ஏழு படகும் வந்தன. நான்கு படகு வடக்கு வழியில் வந்தது, மூன்று படகு தெற்கு வழியில் வந்தது. தெற்கே வந்தவர்கள் கரையிறங்கியதும் முதலில் கேட்டது, “யாருடா அது, கேக்காம புது வழி வெச்சது?” என்றுதான்.

ஊரும் முதலில் கோபப்பட்டது. பாடு இல்லாதவன் பார்த்துவிட்டான் என்று இரண்டு பேர் அபராதம் கேட்டார்கள். கண்ணாடியம்மா நடுவில் புகுந்து, “ஒரு தலை, ரெண்டு பார்வை! என் கோட்பாட்டில் இதுக்கு இடமே விடலையே!” என்று ஆனந்தத்தில் தேசிங்கின் இரண்டு கையையும் பிடித்துக் குலுக்கினார். அதற்குள் ஏரிக்கரைப் பெண்கள் ஒரு செய்தியோடு வந்தார்கள். ஒரு வழியில் கடல் உள்ளே வருகிறது, ஒரு வழியில் ஏரி வெளியே போகிறது, தண்ணீர் கழுவிவிட்ட குடம் மாதிரி ஆகிவிட்டது, காலுக்கடியில் இறால் குத்துகிறது. அபராதம் கேட்டவர்கள் வலையை எடுக்க ஓடினார்கள். மற்றவர்கள் தெற்கு வழியைப் பார்த்துக் காப்பாற்ற முயன்றபோது அவர்கள் கண்ணுக்கு அது பழைய மேடாகவே தெரிந்தது. தேசிங்கு அலுத்துப்போய் எழுந்ததும் அது பாய் சுருட்டுகிற மாதிரி சுருண்டு மூடிக்கொண்டது.

பாதியில் நின்ற குடத்தை மறுநாள் மறுபடி வைத்தார்கள், கூட்டத்தில் சிக்கல் ஒன்றுதான். கல்யாணம் ஆகாதவனுக்கு எப்படி அடையாளம் போடுவது?

“தெக்கு வழிக்குத் தாலி கட்டச் சொல்லிடுவோம்,” என்றான் ஒரு படகுக்காரன்.

“கட்டினா சீர் யாரு செய்வா? கடலா?” என்றாள் அம்சவேணி, கட்டுப் போட்ட விரலைத் தூக்கிக்கொண்டு.

சிரித்துச் சிரித்துக் கடைசியில் பொன்னுரங்கம் தொண்டையைக் கனைத்தார். ஏழு படகுப் பிள்ளைகளை வீட்டுக்குக் கூட்டி வந்தவனுக்கு அந்த ஏழு வீடும் தலைக்கட்டுதான் என்றார். தேசிங்கு சட்டையிலிருந்து ஒரு பொத்தானைப் பிய்த்துக் குடத்தில் போட்டான். சின்னச் சத்தம்தான், ஆனால் அவனுக்கு அது நெஞ்சுக்குள் விழுந்தது. பொன்னுரங்கம் கண்ணைக் கட்டிக்கொண்டு எடுத்துக்கொண்டே வந்தார். “தேசிங்கு பாடு” என்று அவர் சொன்னது ஆவணி முதல் வெள்ளிக்கு, இறால் ஓட்டம் உச்சத்தில் இருக்கும் நாளுக்கு.

அந்த நாளில் ஊர் வீட்டில் தங்கவில்லை. அவனை எண்ணெய் தேய்த்துக் குளிப்பாட்டினார்கள், தலை வாரினார்கள், பொன்னுரங்கம் தன் மகனுக்கு எடுத்த வேட்டியைக் கட்டிவிட்டார், மேட்டுக்கு மேளத்தோடு அழைத்துப் போனார்கள். அவனுக்குப் பக்கத்தில் உட்கார ஜோடி இல்லையே என்று யாரோ கேட்டதற்கு, “அவனுக்கு ரெண்டு கண்ணும் ரெண்டு ஆளு” என்று பதில் வந்தது. அவன் பெஞ்சில் உட்கார்ந்து பார்த்தான், இரண்டு வழியும் கதவு திறக்கிற மாதிரி திறந்தன, இருபது முப்பது படகுகள் கொடி கட்டிக்கொண்டு வெளியே போயின. ஊரார் முகத்துவாரத்தைப் பார்க்கவில்லை, அது எப்போதும் இருப்பதுதானே. அவர்கள் கொட்டகையைச் சுற்றி அரைவட்டமாக நின்று தேசிங்கைப் பார்த்தார்கள். நாற்பத்திரண்டு வருஷம் பார்க்காத முகத்தை ஆசை தீரப் பார்த்தார்கள்.

“இன்னா களையா கீது அந்த மூஞ்சி! முன்னாடி யாருமே கவனிக்கல பாரேன்.”

“ராஜா மாதிரி உக்காந்துகீறான்யா.”

மத்தியானம் காற்று திரும்பியது, படகுகள் சுமையோடு ஒரே நேரத்தில் திரும்பின, இரண்டு வழியிலும் வரிசை கட்டி நுழைந்தன. அப்போதுதான் தேசிங்குக்கு இடக்கண்ணில் ஒரு இழுப்பு தெரிந்தது. கயிறு கட்டிப் படகைக் கரைக்கு இழுக்கிற மாதிரி ஒரு மெதுவான, பாசமான இழுப்பு. அத்தனை பேரும் அவனை நல்லவனாக, அழகனாக, எந்தக் குறையும் இல்லாதவனாகப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். அவர்கள் மனசில் அப்படிப்பட்ட ஒரு ஆளுக்கு இருக்கவேண்டிய கண் அவனுக்கு வந்துகொண்டிருந்தது. உலகத்தின் இரண்டு விளிம்புகளும் ஒன்றின்மேல் ஒன்று வந்து உட்கார்ந்தன. ஒரு கடல், ஒரு வானம், ஒரு கரை. இத்தனை தெளிவாக அவன் எதையும் பார்த்ததில்லை. இனிமேல் யாரும் தோளுக்குப் பின்னால் திரும்பிப் பார்க்க மாட்டார்கள் என்று நினைத்தபோது அவன் கண்ணில் நீர் கோத்தது.

தெற்கு வழி சுருங்கத் தொடங்கியது.

அதற்குள் ஒன்பது படகுகள் இருந்தன. முன்படகு கத்தியது, பின்படகு முட்டியது, மணல் இரண்டு பக்கமும் நெருங்கி விலா தேய்த்தது. நேர்க்கண்ணோடு ஒரு மூச்சு நேரம், ஒரே ஒரு மூச்சு நேரம், அவன் அப்படியே இருந்தான். பிறகு எழுந்து நின்று, தொண்டை கிழியக் கத்தினான்.

“என்னப் பாக்காதீங்க! திரும்புங்க! எல்லாரும் அந்தப் பக்கம் திரும்புங்க!”

“இன்னாடா ஆச்சு இவனுக்கு?”

கண்ணாடியம்மாவுக்குத்தான் முதலில் புரிந்தது. “ஐயோ, நாமதான்! நாம பார்த்துப் பார்த்து இவரை நேராக்கிட்டோம்! திரும்புங்க, சீக்கிரம்!” என்று அவர் தன் கண்ணாடியைக் கழற்றித் தரையில் எறிந்துவிட்டு மேற்கே திரும்பினார். பொன்னுரங்கம் திரும்பினார். மேளக்காரர்கள் திரும்பினார்கள். பெண்கள் முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டார்கள். ஊரே கோயில் சுவரில் வரிசையாகச் சாய்த்து வைத்த துடுப்புகள் மாதிரி முதுகு காட்டி நின்றது.

சுருங்குவது நின்றது, ஆனால் விரியவில்லை. ஏனென்றால் இப்போது தேசிங்கை யாருமே பார்க்கவில்லை. அவன் இடக்கண் நேராகவும் இருக்க முடியாமல் தன் பழைய தெருவுக்கும் போகத் தெரியாமல் நடுவில் தத்தளித்தது. தன் கைகளின் ஓரம்கூடக் கொஞ்சம் கரைந்த மாதிரி அவனுக்குத் தோன்றியது. மணலைப் பற்றிச் சொன்னதெல்லாம் மனுஷனுக்கும் பொருந்தும் என்று அவனுக்கு உறைத்தது. தெற்கே ஒரு படகின் பலகை முறிகிற சத்தம் கேட்டது.

கரையில் நண்டு கட்டிக்கொண்டிருந்துவிட்டு அப்போதுதான் மேடேறி வந்த ஒருத்தி மட்டும் திரும்பவில்லை. அம்சவேணி நடந்து வந்து, அவன் பார்வையை மறைக்காமல் பெஞ்சுக்குக் கீழே மணலில் சம்மணம் போட்டு உட்கார்ந்து, நிமிர்ந்து அவன் முகத்தைப் பார்த்தாள்.

“யோவ் ரெண்டு தெரு,” என்றாள். “இன்னாய்யா இது, ஊருக்கு ஒரு மூஞ்சி வெச்சுக்கினு கீற?”

“அம்சா, திரும்பிடு! நீ பாத்தாலும்...”

“நான் தினமும்தான் பாக்கறேன். நான் பாத்து இன்னா மாறிச்சு?”

ஒன்றும் மாறியதில்லை. அவள் பார்க்கப் பார்க்க அவன் கைகளின் ஓரங்கள் திரும்பி வந்தன, காதோரத்து நரை வந்தது, தாடையிலிருந்த பழைய தழும்பு வந்தது, இடக்கண் கொஞ்சம் கொஞ்சமாக நகர்ந்து, ஒரு தெரு தள்ளி, தன் இடத்தில் போய் நின்றது. தெற்கு வழி பெருமூச்சு விட்டு அகன்றது. ஒன்பது படகுகளும் ஒன்றன்பின் ஒன்றாக, இறாலும் கூச்சலும் வழிய, ஏரிக்குள் வந்து விழுந்தன.

“வந்துடுச்சா? எத்தினி வந்துச்சு? யாராச்சும் சொல்லுங்கப்பா!” என்று முதுகைக் காட்டி நின்ற ஊர் கேட்டது.

“வருது, வருது. திரும்பாதீங்க,” என்றாள் அம்சவேணி.

தேசிங்குக்கு அவளைப் பார்க்க வேண்டும்போல இருந்தது. இரண்டு கண்ணுக்கும் இரண்டு வழி இருந்தது, அவளுக்கு மிச்சம் இல்லை. “உன்னப் பாக்க முடியலையே அம்சா” என்றான்.

“நீ அதைப் பாரு. நான் உன்னப் பாக்கறேன்.”

பொன்னுரங்கம் முறை தவறாதவர். மேற்கே பார்த்தபடியே தொண்டையைக் கனைத்தார். “அம்சா, வழியைப் பாக்கறது அவன் பாடு. அவனப் பாக்கறது யார் பாடு?”

“என் பாடு, பெரியதனம்.”

“எவ்ளோ நாளைக்கு?”

அவள் பார்வையை எடுக்கவில்லை. “கரையில என் நண்டுக் கூடை வெயில்ல காயுது,” என்றாள். “நான் எழுந்து வர்றதா இல்ல. யாராச்சும் போய்ச் சாக்குல தண்ணி தெளிங்க.”

பொன்னுரங்கம் வேட்டியை மடித்துக் கட்டிக்கொண்டு, திரும்பிப் பார்க்காமல், கரையை நோக்கி இறங்கிப் போனார்; ஊரே அவர் பின்னால் போனது.